ஏ.வி.ஆர். என்றால் என்ன? உப்புக்காற்று ஊரில் ஜெனரேட்டர் வைத்திருப்பவர்களுக்கு

மண்டபத்தில் ஓர் ஐஸ் கம்பெனி. மீன்பிடித் தடைக்காலம் முடிந்து மூன்றாம் நாள். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாட்கள் விசைப்படகுகள் கரையில் கிடக்கும். அது முடிந்ததும் எல்லாப் படகுகளுக்கும் ஒரே நேரத்தில் ஐஸ் வேண்டும். அந்த நேரம் பார்த்துக் கரன்ட் போய்விட்டது. ஜெனரேட்டரை ஓட்டினார்கள். விளக்குகள் மங்குவதும் பளிச்சிடுவதுமாக இருந்தன. கம்ப்ரசர் மோட்டாரைப் போட்டதும் அது உறுமியபடி சுற்றத் தொடங்கி, பாதியில் நின்றுபோனது.

நான் போய்ச் சேர்ந்தபோது மேசை மேல் ஏ.வி.ஆர். (ஆட்டோமேட்டிக் வோல்டேஜ் ரெகுலேட்டர், அதாவது வோல்டேஜைத் தானாகச் சீராக வைக்கும்) கார்டு ஒன்று கழற்றிப் போடப்பட்டிருந்தது. இன்னொன்று ஜெனரேட்டரில் மாட்டப்பட்டிருந்தது. "இரண்டுமே போய்விட்டன தம்பி. மூன்றாவது வாங்க ராமநாதபுரத்துக்கு ஆள் அனுப்பியிருக்கிறேன்" என்றார் உரிமையாளர். "ஆளைத் திரும்பக் கூப்பிடுங்கள் அண்ணே, முதலில் பெட்டியைத் திறந்து பார்ப்போம்" என்றேன். ஒரு மணி நேரத்துக்குப் பிறகு, முதலில் கழற்றிப் போட்ட அதே பழைய கார்டையே மாட்டி ஓட்டினோம். ஐஸ் உறைந்தது. கார்டு கெட்டுப்போகவே இல்லை.

பழுது எங்கே இருந்தது என்பதைச் சொல்வதற்கு முன், அந்தக் கார்டு என்ன வேலை செய்கிறது என்று தெரிந்துகொள்ள வேண்டும். அது தெரியாததால்தான் இந்தக் கடற்கரையில் தொண்டியிலிருந்து ஏர்வாடி வரை நல்ல கார்டுகள் குப்பைக்குப் போகின்றன. அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு மனம் பொறுப்பதில்லை.

ஜெனரேட்டர் என்று நாம் சொல்வது உண்மையில் இரண்டு இயந்திரங்கள். ஒன்று டீசல் எஞ்சின். மற்றது அதன் பின்னால் இணைத்திருக்கும் ஆல்டர்னேட்டர். எஞ்சின் சுற்றிக் கொடுக்கிறது. ஆல்டர்னேட்டர் அந்தச் சுழற்சியை மின்சாரமாக்குகிறது. ஆல்டர்னேட்டரின் நடுவில் சுழல்வது ரோட்டார். அது ஒரு மின்காந்தம். அதைச் சுற்றி அசையாமல் நிற்கும் செம்புச் சுருள்கள் ஸ்டேட்டார். காந்தம் சுழன்றால் சுருளில் மின்சாரம் பிறக்கும்.

இதில் இரண்டு விஷயங்களைத் தனித்தனியாகப் பிரித்துப் பார்க்கப் பழகிவிட்டால் பாதி வேலை முடிந்தது. அதிர்வெண் என்பது எஞ்சினின் வேகத்தால் வருவது. நான்கு துருவ ஆல்டர்னேட்டர் நிமிடத்துக்கு 1500 சுற்று சுற்றினால் 50 ஹெர்ட்ஸ் கிடைக்கும். வேகம் குறைந்தால் ஹெர்ட்ஸும் குறையும். அதைக் கவனிப்பது எஞ்சினில் இருக்கும் கவர்னர். வோல்டேஜ் என்பது பெரும்பாலும் ரோட்டார் காந்தத்தின் வலிமையால் வருவது. அதைக் கவனிப்பது ஏ.வி.ஆர். ஹெர்ட்ஸுக்கு ஒரு காவலாள், வோல்டேஜுக்கு ஒரு காவலாள். ஒருவர் செய்த தவறுக்கு மற்றவரைத் தண்டிப்பதுதான் நம் ஊரில் அதிகம் நடக்கிறது.

இந்தக் காவலாள் ஏன் தேவை? சுமை ஏறியதும் ஆல்டர்னேட்டரின் வோல்டேஜ் தானாக இறங்கும். காந்தத்தை அப்படியே விட்டுவிட்டால், நாலு டியூப் லைட் எரியும்போது 230 இருக்கும் இடத்தில், மோட்டார் ஓடும்போது 170, 180 என்று விழுந்துவிடும். மோட்டாரை நிறுத்தியதும் எகிறும். எனவே ஒவ்வொரு கணமும் யாராவது வோல்டேஜைப் பார்த்துக்கொண்டே இருந்து, இறங்கினால் காந்தத்தைக் கூட்டி, ஏறினால் குறைக்க வேண்டும்.

படகில் சுக்கான் பிடிப்பவரை நினைத்துக்கொள்ளுங்கள். இரவில் பாம்பன் கலங்கரை விளக்கத்தைக் குறியாக வைத்துக்கொண்டு வருகிறார். கண் வெளிச்சத்தைப் பார்க்கிறது. படகின் முகப்பு அதிலிருந்து விலகினால், விலகிய அளவுக்குக் கை சுக்கானைத் திருப்புகிறது. ஏ.வி.ஆர். செய்வதும் இதே வேலைதான். ஆல்டர்னேட்டரின் வெளியீட்டிலிருந்து இரண்டோ மூன்றோ மெல்லிய வயர்கள் கார்டுக்கு வரும். அவை அதன் கண். அவற்றைச் சென்சிங் வயர் என்போம். கார்டுக்குள் நாம் செட் செய்து வைத்த வோல்டேஜ்தான் கலங்கரை விளக்கம். கார்டிலிருந்து வெளியே போகும் இரண்டு வயர்கள் அதன் கை. பெரும்பாலான கார்டுகளில் அவற்றுக்கு எஃப் 1, எஃப் 2 என்றோ, எக்ஸ், இரட்டை எக்ஸ் என்றோ பெயர் பொறித்திருக்கும். நல்ல கார்டு, வோல்டேஜைக் குறித்த அளவிலிருந்து ஒன்று, ஒன்றரை சதவீதத்துக்கு மேல் விலக விடாது.

அந்தக் கையின் பலம் வியப்பானது. ஐஸ் கம்பெனியில் இருந்தது 62.5 கே.வி.ஏ. ஜெனரேட்டர். முழுச் சுமையில் ஒவ்வொரு ஃபேஸிலும் ஏறக்குறைய 87 ஆம்பியர் தரக்கூடியது. ஆனால் சுமை இல்லாமல் ஓடும்போது கார்டு வெளியே அனுப்புவது 10, 12 வோல்ட்டில் அரை ஆம்பியர் போல ஒரு சிறு நேர்மின்னோட்டம்தான். அது எக்ஸைட்டர் என்ற குட்டி ஆல்டர்னேட்டரின் சுருளுக்குப் போகிறது. எக்ஸைட்டர் அதைப் பெரிதாக்கித் தருகிறது. ரோட்டாரோடு சேர்ந்தே சுழலும் ஆறு டயோடுகள் அதை நேர்மின்னோட்டமாக மாற்றிப் பெரிய காந்தத்துக்குக் கொடுக்கின்றன. பிறகுதான் ஸ்டேட்டாரில் நமக்கு வேண்டிய 415 வோல்ட் (இது இரண்டு ஃபேஸ்களுக்கு இடையே உள்ள அளவு). சிறிய ஜெனரேட்டர்களில் எக்ஸைட்டர் இருக்காது. கார்பன் பிரஷ் வழியாக நேரடியாக ரோட்டாருக்கே போகும்.

இந்தச் சங்கிலி எப்படித் தொடங்குகிறது என்று கேட்பவர்கள் சரியான இடத்தைப் பிடித்துவிட்டார்கள். கார்டுக்கு மின்சாரம் ஆல்டர்னேட்டரிலிருந்தே வருகிறது. ஆல்டர்னேட்டர் மின்சாரம் தரக் கார்டு வேண்டும். எது முதல்? விடை இரும்பில் இருக்கிறது. ஓட்டம் நின்ற பிறகும் இரும்பில் கொஞ்சம் காந்தம் தங்கிவிடும். அந்த எஞ்சிய காந்தம் சில வோல்ட் மின்சாரத்தைத் தரும். கார்டு விழிக்க அது போதும். பிறகு ஒன்றை ஒன்று தூக்கிவிட்டு ஒரு சில நொடிகளில் முழு வோல்டேஜ் வந்துவிடும். 1866-67ஆம் ஆண்டுகளில் ஜெர்மனியின் வெர்னர் சீமென்ஸும் இங்கிலாந்தில் வேறு சிலரும் தனித்தனியே கண்டறிந்த தத்துவம் இது. இன்றும் ராமேசுவரத்து விடுதி வாசலில் ஓடும் ஜெனரேட்டர் அதை நம்பித்தான் தொடங்குகிறது.

இனி உப்பு

நம் கரையின் கதை மற்ற ஊர்களின் கதை அல்ல. மண்டபத்தில் நின்றால் வடக்கே பாக் விரிகுடா, தெற்கே மன்னார் வளைகுடா. கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் தென்கடல் திவலையை வீசும். வாடையில் வடகடல் வீசும். ஆண்டு முழுவதும் ஏதாவது ஒரு பக்கத்திலிருந்து உப்பு வந்துகொண்டே இருக்கும். ஆல்டர்னேட்டரோ தன்னைக் குளிரவைக்க இந்தக் காற்றைத்தான் விசிறியால் உள்ளே இழுத்துக்கொள்கிறது.

உப்பு வெறுமனே படிந்து கிடந்தால் பெரிய கேடில்லை. மழைக்காலத்தில் அடுக்களை உப்பு ஜாடி கசிவதைப் பார்த்திருப்பீர்கள். காற்றின் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டினால் உப்பு காற்றிலிருந்தே நீரை உறிஞ்சிக் கரையத் தொடங்கும். கடல் உப்பில் கலந்திருக்கும் மக்னீசியம் குளோரைடு அதைவிடக் குறைந்த ஈரத்திலேயே நீரை இழுக்கும். இப்படிக் கசிந்த உப்புநீர் மின்சாரத்தைக் கடத்தும், செம்பை அரிக்கும். பகலில் காய்ந்து, இரவில் கசிந்து, ஓடாமல் கிடக்கும் ஜெனரேட்டருக்குள் இது தினமும் நடக்கிறது. ஓடும் இயந்திரத்தைவிட ஓய்வில் கிடக்கும் இயந்திரத்தையே உப்பு அதிகம் தின்கிறது என்பது என் அனுபவம். ஓடும்போது சூடு இருக்கிறது, ஈரம் தங்குவதில்லை.

இப்போது ஐஸ் கம்பெனிக்குத் திரும்புவோம். எஞ்சினை நிறுத்தி, தானியங்கிப் பேனலை மேனுவலுக்கு மாற்றி, பேட்டரியின் நெகட்டிவ் வயரைக் கழற்றிய பிறகுதான் பெட்டியைத் திறந்தேன். இதை யாரும் தவிர்க்கக் கூடாது. நீங்கள் கையை உள்ளே விட்டிருக்கும்போது கரன்ட் போனால், தானியங்கி ஜெனரேட்டர் உங்களைக் கேட்காமல் ஓடத் தொடங்கிவிடும்.

உள்ளே போல்ட்டுகளின் தலையில் வெள்ளைப் பொடி. சென்சிங் வயர்கள் இணையும் இடத்தில், ஒரு லக்கின் (வயர் முனையில் அடிக்கும் உலோகக் காது) கழுத்தில் பச்சை பூத்திருந்தது. விரலால் மெல்ல அசைத்தேன். வெளியுறை முழுதாக இருந்தது. உள்ளே இருந்த செம்புப் புரிகளில் இரண்டோ மூன்றோதான் மிச்சம், மற்றவை அரித்துத் தூளாகிவிட்டன. எஞ்சின் அதிரும்போதெல்லாம் அந்தப் புரிகள் தொடுவதும் விலகுவதுமாக இருந்திருக்கின்றன. கார்டின் கண் திறந்து திறந்து மூடியது. அந்தக் கார்டு தனக்கு வேண்டிய மின்சாரத்தையும் அதே வயரில்தான் எடுத்துக்கொள்கிறது. அதனால் கண் மூடியபோதெல்லாம் கையும் சோர்ந்தது. வயரை இரண்டு அங்குலம் வெட்டி, நல்ல செம்பு தெரியும் வரை சீவி, ஈயம் பூசிய புது லக் அடித்தேன். லக்கின் விலை ஒரு டீயின் விலைகூட இல்லை.

எந்தக் கோளாறுக்கு எங்கே பார்ப்பது

எஞ்சின் நன்றாக ஓடுகிறது, வோல்டேஜே இல்லை. தடைக்காலத்துக்குப் பிறகு நான் அதிகம் கேட்கும் புகார் இதுதான். முதலில் மெயின் முனைகளில் மல்டிமீட்டரை வைத்துப் பாருங்கள். சில வோல்டாவது காட்டினால் எஞ்சிய காந்தம் உயிரோடு இருக்கிறது. கார்டுக்குப் போகும் வயர், ஃபியூஸ், கார்டில் இருக்கும் இணைப்புத் துண்டு ஆகியவற்றைத் தேடுங்கள். ஏறக்குறைய பூஜ்யமாக இருந்தால் காந்தம் மறைந்துவிட்டது. எஞ்சினை நிறுத்தி, எக்ஸைட்டருக்குப் போகும் இரண்டு வயர்களையும் கார்டிலிருந்து கழற்றி, ஒரு தனி 12 வோல்ட் பேட்டரியை பாசிட்டிவ் பாசிட்டிவோடு சேரும்படி சில நொடி தொட்டு எடுத்தால் காந்தம் திரும்பிவிடும். கார்டு மாட்டியிருக்கும்போதே பேட்டரியைத் தொட்டால் கார்டு போய்விடும். பாசிட்டிவ் நெகட்டிவ் மாறினால் காந்தம் தலைகீழாகும். இரண்டும் நடக்கக் கண்டிருக்கிறேன்.

இதே 12 வோல்ட் பேட்டரி இன்னொரு அருமையான சோதனைக்கும் உதவும். எனக்கு ஒரே ஒரு சோதனைதான் செய்யலாம் என்று சொன்னால் இதைத்தான் செய்வேன். எக்ஸைட்டர் வயர்களைக் கார்டிலிருந்து பிரித்து, பேட்டரியில் இணைத்து, மெயின் பிரேக்கரை ஆஃப் செய்து வைத்து, சுமையே இல்லாமல் முழு வேகத்தில் ஓட்டுங்கள். கார்டு இப்போது விளையாட்டிலேயே இல்லை. மூன்று ஃபேஸும் சமமாக, 415க்கு அருகில், பத்து சதவீதம் முன்பின்னாக வந்தால் ஆல்டர்னேட்டர் நலம். கோளாறு கார்டிலோ அதன் வயரிலோ இருக்கிறது. வரவில்லை என்றால் புதுக் கார்டு வாங்கிப் பயனில்லை. டயோடு, எக்ஸைட்டர், ரோட்டார், ஸ்டேட்டார் என்று உள்ளே போக வேண்டும். முனைகளில் உயிர்போகும் மின்சாரம் இருக்கும் சோதனை இது. பழகியவர் செய்யட்டும், உரிமையாளர் பக்கத்தில் நின்று மீட்டரைப் படிக்கட்டும்.

அடுத்து, வோல்டேஜ் ஆடுகிறது. ஹெர்ட்ஸ் மீட்டரையும் சேர்த்துப் பாருங்கள். இரண்டும் சேர்ந்து ஆடினால் அது எஞ்சினின் ஆட்டம்: டீசல் ஃபில்டர் அடைத்திருக்கலாம், குழாயில் காற்று புகுந்திருக்கலாம், கவர்னர் தேய்ந்திருக்கலாம். ஹெர்ட்ஸ் 50இல் அசையாமல் நிற்க, வோல்டேஜ் மட்டும் ஆடினால் கார்டின் பக்கம் வாருங்கள். தளர்ந்த வயர் இல்லையென்றால், ஸ்டெபிலிட்டி திருகைப் பார்க்கலாம். சுக்கான் பிடிக்கப் புதிதாகப் பழகுபவர், படகு கொஞ்சம் இடமாகப் போனதும் வலம் பக்கம் அதிகம் திருப்பிவிடுவார். உடனே பதறி இடம் பக்கம் திருப்புவார். படகு பாம்பு போல நெளியும். கார்டு எவ்வளவு வேகமாகப் பதற வேண்டும் என்பதைத்தான் அந்தத் திருகு முடிவு செய்கிறது. திருகுவதற்கு முன் அது இருந்த இடத்தைப் பேனாவால் குறித்துக்கொள்ளுங்கள்.

வோல்டேஜ் குறைவாக வருகிறது, கார்டில் ஒரு சிவப்பு விளக்கும் எரிகிறது என்றால் பெரும்பாலும் அது கார்டின் குற்றமல்ல. எஞ்சின் வேகம் ஓரளவுக்குக் கீழே, வழக்கமாக 47 ஹெர்ட்ஸ் அளவில், விழுந்தால் கார்டு வேண்டுமென்றே வோல்டேஜையும் சேர்த்து இறக்கும். மூச்சு வாங்கும் எஞ்சினின் தோளிலிருந்து சுமையைக் கொஞ்சம் இறக்கிவைக்கும் ஏற்பாடு அது. அந்த நேரத்தில் வோல்ட் திருகைத் திருகி வோல்டேஜை ஏற்றுபவர்கள், எஞ்சின் சரியானதும் 270 வோல்ட்டைப் பார்த்து அதிர்வார்கள். முதலில் வேகத்தைச் சரிசெய்யுங்கள். அண்மையில் கார்டை மாற்றியிருந்தால், அதிலுள்ள 50/60 ஹெர்ட்ஸ் இணைப்பு 50இல் இருக்கிறதா என்றும் பாருங்கள். 60இல் விட்டுவிட்டால் நல்ல எஞ்சினையும் அது சோர்ந்த எஞ்சின் என்றே நினைக்கும்.

வோல்டேஜ் எகிறுவதுதான் ஆபத்தானது. சில வகைக் கார்டுகளில் கண்ணுக்கு ஒரு வழி, சாப்பாட்டுக்கு வேறு வழி. சென்சிங் வயர் தனி, மின்சாரம் எடுக்கும் வயர் தனி. அதில் சென்சிங் வயர் மட்டும் அறுந்தால், வோல்டேஜே இல்லை என்று எண்ணிக் கார்டு தன் முழு பலத்தையும் கொடுத்துவிடும். ஃபிரிட்ஜ், டிவி, ஏரேட்டர் (குளத்து நீரில் காற்றைக் கலக்கும் கருவி) மோட்டார் எல்லாம் ஒன்றாகப் போகும். அப்படி நடந்தால் உடனே பிரேக்கரை விழவைத்து எஞ்சினை நிறுத்துங்கள். இறால் பண்ணைக்காரர்களுக்கு இதைச் சிறப்பாகச் சொல்கிறேன்: இரவில் ஏரேட்டர்கள் நின்றால் விடிவதற்குள் குளம் போய்விடும். மிகை வோல்டேஜில் தானே துண்டிக்கும் ரிலே ஒன்றைப் போட்டுக்கொள்ளுங்கள். அதோடு, துண்டிப்பு விழுந்ததும் ஆளை எழுப்ப ஒரு மணியும் வேண்டும்.

பெரிய மோட்டாரைப் போடும் கணத்தில் விளக்கு ஒரு நொடி மங்கி மீள்வது நோயல்ல. நேரடியாகத் தொடங்கும் மோட்டார், ஓடும்போது இழுப்பதைப்போல ஐந்து முதல் ஏழு மடங்கு மின்னோட்டத்தை அந்தக் கணத்தில் இழுக்கும். மீளாமல் இறங்கியே நின்றால் டயோடுகளைச் சந்தேகியுங்கள். டயோடைக் கழற்றி மல்டிமீட்டரில் வைத்தால் ஒரு பக்கம் வழிவிட வேண்டும், மறுபக்கம் அடைக்க வேண்டும். இரண்டு பக்கமும் வழிவிட்டால் அது ஷார்ட். ஷார்ட்டான ஒரு டயோடு, எக்ஸைட்டரை அளவுக்கு மீறி இழுக்க வைத்து, மாட்டும் ஒவ்வொரு கார்டையும் எரிக்கும். அதனால்தான் சொல்கிறேன்: ஒரு கார்டு உண்மையிலேயே கருகியிருந்தால், எது கருக்கியது என்று தெரியாமல் அடுத்ததை மாட்டாதீர்கள்.

பராமரிப்பு

வேலை கொஞ்சம்தான். மூன்று மாதத்துக்கு ஒருமுறை முனைப்பெட்டியைத் திறந்து, மென்மையான பிரஷால் தூசியையும் உப்பையும் தள்ளி, எலக்ட்ரிக்கல் காண்டாக்ட் கிளீனர் அடித்து, உலரவிட்டு, ஒவ்வொரு லக்கையும் விரலால் அசைத்துப் பாருங்கள். பெட்ரோல் வேண்டாம், தண்ணீர் வேண்டவே வேண்டாம். பெட்டி மூடியின் ரப்பர் விளிம்பு வெடித்திருந்தால் அன்றே மாற்றுங்கள். கார்டின் கீழே இருக்கும் சிறு ரப்பர் மெத்தைகளையும் கவனியுங்கள். அவை இறுகிக் கல்லாகிவிட்டால் எஞ்சினின் அதிர்வு முழுவதும் கார்டின் பற்றவைப்புகளில் இறங்கும்.

ஆல்டர்னேட்டருக்குள் ஈரம் போக்கும் ஹீட்டர் இருக்கிறதா என்று கேளுங்கள். பலவற்றில் இருக்கும், மின்வாரிய இணைப்பில் போட்டு, ஓடாத நேரமெல்லாம் சூடாக வைத்திருக்க வேண்டியது. நான் பார்த்த பெட்டிகளில் பாதியில் அதன் வயர் இணைக்கப்படாமலேயே சுருட்டி வைக்கப்பட்டிருந்தது. இதைக் காணும்போது வருகிற வருத்தம் பெரிது. மருந்தை வாங்கி அலமாரியில் பூட்டிவைத்தது போல.

ஐப்பசி, கார்த்திகை மழைக்குப் பிறகு சுருளின் காப்பை மெகரில் (மின்காப்பை அளக்கும் மீட்டர்) பார்ப்பது நல்லது. 500 வோல்ட் மெகரில் ஒரு மெகா ஓமுக்குக் கீழே காட்டினால் உலர்த்தாமல் ஓட்டக் கூடாது. மெகர் வைப்பதற்கு முன் ஏ.வி.ஆர். வயர்கள் எல்லாவற்றையும் கழற்றிவிட வேண்டும். நல்ல கார்டுகள் மெகரின் 500 வோல்ட்டில் சாவது கொடுமை. கழற்ற ஐந்து நிமிடம்கூட ஆகாது.

ஜெனரேட்டர் கொட்டகை புதிதாகக் கட்டுபவர்கள் காற்று உள்ளே போகும் வாயைக் கடலுக்கு நேரே வைக்காதீர்கள். தென்கடல் ஓரமென்றால் தெற்கும் தென்மேற்கும் சுவராக இருக்கட்டும்.

கடைசியாக ஒரு தாள். ஜெனரேட்டர் நலமாக ஓடும் ஒரு நாளில், சுமை இல்லாமல் வோல்டேஜ் எவ்வளவு, ஹெர்ட்ஸ் எவ்வளவு, எக்ஸைட்டர் வயர்களில் எத்தனை வோல்ட், முழுச் சுமையில் அவை எவ்வளவு என்று அளந்து எழுதி, பிளாஸ்டிக் உறையில் போட்டுப் பேனல் கதவின் உட்புறம் ஒட்டிவிடுங்கள். எக்ஸைட்டர் சுருளின் ஓம் அளவையும் குளிர்ந்த நிலையில் அளந்து எழுதுங்கள். நள்ளிரவில் வரும் எலக்ட்ரீசியனுக்கு அந்தத் தாள் கையேட்டைவிடப் பெரிய உதவி. வழக்கமாக 11 வோல்ட் இருந்த இடத்தில் 25 இருந்தால், அவர் கார்டைத் தொடாமல் நேராக டயோடைத் திறப்பார்.

அந்த ஐஸ் கம்பெனிக்காரர் தாளை ஒட்டிவிட்டார். தடைக்காலத்திலும் இப்போது வாரம் ஒருமுறை, வெறும் ஓட்டமாக இல்லாமல் ஒரு கம்ப்ரசரைச் சுமையாகப் போட்டு, அரை மணி நேரம் ஓட்டுகிறார். சுருள் சூடேறி ஈரம் போகிறது. காந்தமும் இரும்பில் தங்குகிறது. அன்று ஜெனரேட்டரிலிருந்து கழற்றிய அந்த இரண்டாவது கார்டை உலர்ந்த டப்பாவில் போட்டு வைத்திருக்கிறார். இதுவரை அதை எடுக்க வேண்டி வரவில்லை.